என் ஜனாஸாவுக்கு வந்த கூட்டம்

உயிரோடு இருக்கும்போதே தன்னுடைய ஜனாஸா ஊர்வலத்துக்கு எவ்வளவு சனம் வரும் என்று படுத்துக்கொண்டே பார்த்தவன், கல்முனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் தேடினாலும் நான் ஒருவனாகத்தான் இருப்பேன். பெருமைக்காகச் சொல்லவில்லை. ஆனால் கூட்டம் நல்ல கூட்டம். (பெற்றோல் வரிசைக் காலம் என்பதால் ஆட்களுக்கு வேறு வேலை இருக்கவில்லை. அதையும் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும்.)

நாடே வரிசையில் நின்ற காலம் அது. பெற்றோலுக்கு வரிசை, கேஸுக்கு வரிசை, பால்மாவுக்கு வரிசை. கொழும்பில் இளைஞர்கள் கடற்கரைத் திடலில் கூடாரம் அடித்து, ஆட்சியில் இருந்தவரை வீட்டுக்குப் போகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். எங்கள் ஊருக்கோ பெற்றோலும் வரவில்லை, புரட்சியும் வரவில்லை. கொழும்புக்கே போய்ப் புரட்சியில் கலந்துகொள்ளலாம் என்றால் பஸ்ஸுக்கு டீசல் இல்லை. எனவே புரட்சியை ஊரிலேயே வைத்துப் படமாக எடுத்துவிடுவது என்று முடிவு செய்தோம்.

‘செய்தோம்’ என்பது மரியாதைக்கு. செய்தவன் நான்.

படத்தின் பெயர் ‘எரிபொருள்’. கொந்தளித்துக் கிடக்கும் ஒரு நாட்டில் ஐந்து இளைஞர்கள் கிளர்ந்தெழுகிறார்கள், அவர்களில் ஒருவன் சுடப்பட்டு மடிகிறான், ஊர் விழித்துக்கொள்கிறது. இதுதான் கதை. எழுத்து, இயக்கம், கதாநாயகன் மூன்றும் நானே. புரட்சி எல்லோருக்கும் பொதுவானது என்பதால் அதை ஐந்து பேருக்கும் பங்கிட்டுக் கொடுத்தேன். வசனத்தை மட்டும் நான் வைத்துக்கொண்டேன். மடிகிறவனும் நான்தான். ஏனென்றால் கடைசியில் மடிகிறவனைத்தான் சனம் ஞாபகம் வைத்திருக்கும் என்பது என் கணக்கு. (கணக்கு பிழைக்கவில்லை. இன்றைக்கும் ஞாபகம் வைத்திருக்கிறார்கள்.)

கமெரா அஸ்மியுடையது. அதாவது, கட்டாரில் இருந்த அவனுடைய காக்கா, கூடப்பிறந்த மூத்தவர், அனுப்பிய போன். வலதுகை கிருபா. பெரியநீலாவணைக்காரன், வள்ளம் திருத்துகிற வீட்டுப் பிள்ளை. நடிக்கவும் செய்வான், ஆணியும் அடிப்பான். நல்ல இயக்குநருக்கு இரண்டும் தேவை.

இப்போது என் பக்கத்துச் சிக்கலைச் சொல்ல வேண்டும். அந்த வாரம்தான் எனக்கு மருதமுனையில் ஒரு கலியாணம் பேசிக்கொண்டிருந்தார்கள். பெண் பர்ஸானா. பெண்ணின் வாப்பா கைலிச் சாரன் வியாபாரம் செய்கிற ஒரு ஹாஜியார். பேச்சில் கண்டிப்பானவர், ஒவ்வொரு வசனத்தையும் ‘விளங்குதா?’ என்று ஆணி அறைந்து முடிப்பார். அவர் தரகரிடம் கேட்டது ஒரே ஒரு கேள்விதான்: “பொடியன் இந்த ஆர்ப்பாட்டக் கூட்டத்துல இல்லதானே? விளங்குதா?” தரகர் என்னைப் பார்த்தார். நான் நிலத்தைப் பார்த்தேன். “சே, அமைதியான பொடியன்” என்றார் தரகர். மறுநாள் ஹாஜியார் முடிவு சொல்வதாக இருந்தது. பர்ஸானாவை நான் பார்த்தது ஒரே ஒரு தடவை. அந்த ஒரு தடவையிலேயே எனக்கு இந்தக் கலியாணம் நடந்தே ஆக வேண்டும் என்றாகிவிட்டது. ஆகவே முடிவு வருவதற்கு முன், யாருக்கும் தெரியாமல், படத்தின் கடைசிக் காட்சியை மட்டும் முடித்துவிடலாம் என்று நினைத்தேன்.

யாருக்கும் தெரியாமல் எடுக்க நான் தேர்ந்தெடுத்த இடம், பிரதான வீதியில் பெற்றோல் செட்டுக்கு முன்னால்.

காரணம் இருந்தது. வரிசையில் நூற்றுக்கணக்கான சனம் நிற்கும். நடிக்கச் சம்பளம் கேட்காத சனம், வாடிய முகம் வேறு. மடிந்த புரட்சிக்காரனின் ஜனாஸாவைத் தோழர்கள் தூக்கிக்கொண்டு போக, பின்னணியில் வரிசை மௌனமாகப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். உலகத்தரம். மையத்தை, அதாவது பிரேதத்தை, தூக்கிப் போகிற சந்தூக்குப் பெட்டியைப் பள்ளிவாசலில் கேட்கப் பயம் என்பதால் கிருபாவே ஒன்று அடித்துக்கொண்டு வந்தான், மீன் பெட்டிப் பலகையில். பக்கங்கள் உயரம், மேலே பச்சைத் துணி. உள்ளே படுத்துப் பார்த்தேன். சூடை மீன் மணம் தூக்கியடித்தது.

“மச்சான், கழுவினனான். ஆனா போகுதில்ல” என்றான் கிருபா.

“பரவாயில்ல, வீடியோவுல மணம் வராது” என்றேன். (என் திரையுலக அறிவின் உச்சம் அது.)

இரத்தத்துக்குச் சீனிப்பாணியில் சிவப்புக் கலர் கலந்து நெஞ்சில் ஊற்றிக்கொண்டேன். எதிர்ப்பக்க மாடியில் அஸ்மியை நிறுத்தி, “நான் கட் சொல்லும்வரை, வானம் இடிஞ்சி விழுந்தாலும் நிப்பாட்டாத” என்று கட்டளையிட்டேன். பெட்டிக்குள் மையத்தாகக் கிடக்கிறவன் எப்படிக் கட் சொல்வான் என்று அவனும் கேட்கவில்லை, நானும் யோசிக்கவில்லை. தூக்குகிற நாலு பேருக்கும் ஒரே உத்தரவு: “என்ன நடந்தாலும் பெட்டி நிலத்துல படப்படாது. புரட்சி தோள் இறக்காது.”

பின்னேரம், அஸர் தொழுகை முடிந்த நேரம். வெயில் பொன்னாக இருந்தது. தூக்கினார்கள்.

இந்த இடத்தில் ஒரு விஷயம். உலக சினிமாவையெல்லாம் யோசித்த என் மூளை, எங்கள் ஊரில் ஒரு மையத்து வீதியில் போனால் என்ன நடக்கும் என்பதை மட்டும் யோசிக்கவில்லை. இங்கே ஜனாஸாவை யாரும் பார்த்துக்கொண்டு நிற்பதில்லை. கடைக்காரன் கதவைச் சாத்துவான், சைக்கிள்காரன் இறங்குவான், தெரிந்தவனோ தெரியாதவனோ ஓடி வந்து நாலடியாவது தோள் கொடுப்பான். நன்மை! அதுவும் நாட்கணக்கில் சும்மா நின்ற வரிசைக்கு இப்படி ஒரு நன்மை காலடியில் வந்தால்?

முதலில் கேட்டது செருப்புச் சத்தம். பிறகு பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு குரல்: “தம்பி, இஞ்சால உடுங்க, நான் பிடிக்கிறன்.”

பெட்டி ஒரு பக்கம் சரிந்து நிமிர்ந்தது. அடுத்த மூலையிலும் அதே. எங்கள் வழக்கப்படி, தோள் கொடுக்க வருகிறவருக்கு இடம் விட்டே ஆக வேண்டும். என் நடிகர்கள் நாலு பேரும் ஒருவர் பின் ஒருவராக ஒழுக்கமாக இடம் விட்டுவிட்டார்கள். (“நீதான் ஆள் மாத்தியிருக்கா எண்டு நினைச்சன் மச்சான்” என்று கிருபா பிற்பாடு சொன்னான்.)

பின்னால் போன என் தோழர்கள், ‘வீட்டுக்குப் போ!’ என்ற பலகையைத் தூக்கிக்கொண்டு, எழுதிக் கொடுத்தபடி, “மக்கள் எழுச்சி…!” என்று தொடங்கினார்கள். உடனே யாரோ ஒரு பெரியவர் அதட்டினார்: “டேய்! மையத்துக்குப் பின்னால கூச்சல் போடப்படாது. கலிமாவச் சொல்லிட்டு வாங்க.” புரட்சி அந்த இடத்திலேயே அடங்கிக் கலிமா ஆனது.

நூறு கால்கள் இருநூறு ஆவதைப் பெட்டிக்குள் கிடந்தே எண்ணாமல் உணர்ந்தேன். துணிக்கு வெளியே குசுகுசுப்பு.

“ஆர்ர மௌத்து?”

“தெரியா. கரண்ட் இல்லையே, பள்ளில அறிவிப்பும் கேக்கல.”

“ஒரு மாதிரி மணக்கிதே…”

“கடல் மையத்தாக்கும். ஒலுவில் பக்கம் கரை ஒதுங்கினதாக்கும்.”

‘ஆக்கும்’ என்று தொடங்கியது, பத்துக் கடை தாண்டுவதற்குள் ‘ஒதுங்கினதாம்’ ஆனது. மருந்துக்கடையைத் தாண்டும்போது ஒருவர், “நான் கண்ணால கண்டன், பாவம்” என்றார். இதன் விளைவு உடனே தெரிந்தது. மணக்கிற மையத்தை வைத்திருக்கக் கூடாது, கெதியாக அடக்க வேண்டும். பெட்டி ஓடத் தொடங்கியது.

“நல்ல மனிசன்” என்றது ஒரு குரல்.

“ஓம், ஆர்ர வம்புக்கும் போகாத மனிசன்” என்றது இன்னொன்று. யாரென்றே தெரியாத ஒருவனுக்கு எங்கள் ஊர் கொடுக்கிற நற்சான்றிதழ், தெரிந்தவனுக்குக் கிடைக்காது.

எழும்பிவிடலாம் என்று நினைத்தேன். துணியை விலக்கி, “மன்னிக்கணும், இது படம்” என்று சொன்னால் இரண்டு அடி விழும், நாலு ஏச்சு விழும், போய்விடும். கையையும் தூக்கிவிட்டேன். அப்போதுதான் தலைப்பக்கம் இடது மூலைக்கு ஒரு புதுத் தோள் வந்தது.

“மெதுவா, மெதுவா. தலப்பக்கம் ஆட்டப்படாது, விளங்குதா?”

தூக்கிய கை அப்படியே நெஞ்சில் விழுந்தது. சீனிப்பாணியில் ஒட்டிக்கொண்டது.

ஹாஜியார்! பெற்றோல் வரிசையில் நின்றிருக்கிறார் மனிதர். நான் மாமாவாக்க நினைத்த மனிதரின் தோளில், காதுக்கும் காதுக்கும் ஒரு பலகை இடைவெளியில், நான் மையத்தாகப் போய்க்கொண்டிருந்தேன். மூச்சை மெல்ல விட்டேன். நெஞ்சில் ஏதோ ஊர்ந்தது. எறும்பு. பலகைக்குள் குடியிருந்த எறும்புக் குடும்பத்துக்கு அன்றைக்குக் கந்தூரி விருந்து.

பக்கத்தில் தோள் கொடுத்தவர் ஹாஜியாரிடம் மெல்லக் கதை தொடங்கினார். “மகள்ர காரியம் என்ன மாதிரி ஹாஜியார்?”

“நாளைக்கு முடிவு சொல்லணும். கல்முனப் பொடியன், றிபாஸ் எண்டு.”

“ஆரு, போனையும் தூக்கிட்டுத் திரியிற றிபாஸா?”

தலைப்பக்கம் ஒரு சாண் இறங்கியது. “ஏன், ஆள் சரியில்லையா?”

“ஆள் பிழையில்ல. ஆனா ஏதோ புரட்சிப் படம் எடுக்கப் போறானாம் எண்டு ஊருக்குள்ள கதை.”

“புரட்சியா? நான் தரகரிட்டக் கேட்டன், அமைதியான பொடியன் எண்டு சொன்ன. விளங்குதா? இந்தா, இந்த மையத்த அடக்கின கையோட தரகருக்குக் கோல் எடுத்து, வேணாம் எண்டு சொல்லிடுறன்.”

“முதல்ல மையத்த.”

“ஓம் ஓம், முதல்ல மையத்த.”

அடக்கப் போவதும் என்னை, வேண்டாம் என்று சொல்லப் போவதும் என்னை. இப்போது எழும்பினால் அவர் கேள்விப்பட்டது அவர் கண் முன்னாலேயே உண்மையாகிவிடும், நெஞ்சில் சிவப்புப் பாணியோடு. எழும்பாவிட்டால் மையவாடியில் அடக்கம். எந்தப் பக்கம் பார்த்தாலும் என் கலியாணம் குழிக்குள்தான் போய்க்கொண்டிருந்தது. ஒரு எறும்பு மூக்குத்துவாரத்தை ஆராய்ந்துகொண்டிருந்தது.

கால்பக்கம் பலகையில் மெல்லத் தட்டும் சத்தம். “மச்சான், உயிரோட இரிக்கியா?” கிருபா!

“இரிக்கன். நம்மட ஆக்கள் எங்க?” என்றேன் உதடு அசையாமல்.

“மத்த மூணு பேரும் ஓடிட்டானுகள்.”

“படமெண்டு சொல்லு, கிருபா. ஹாஜியாருக்கு என்ன ஆரெண்டு காட்டாம, எப்படியாவது சொல்லு.”

“இவ்வளவு சனத்துக்கு நடுவுல நானா? டேய், நான் பெரியநீலாவணைக்கு முழு ஆளாப் போய்ச் சேரணும்.” அவன் குரல் உடைந்தது. பயத்தில் நிஜமாகவே அழத் தொடங்கிவிட்டான். அவன் அழுவதைக் கண்டு இரண்டு பேர் அவன் தோளைத் தட்டி, “சபூர் செய்ங்க தம்பி, பொறுமையா இரிங்க” என்றார்கள்.

மையவாடிக்குப் பக்கத்துப் பள்ளிவாசல் முற்றத்தில் பெட்டி இறங்கியது. சனம் வரிசை வரிசையாக நின்றது. தொழுகை நடத்துகிற ஹஸ்ரத்தின் குரல் கேட்டது. ஜனாஸாத் தொழுகைக்கு முன் எந்த ஹஸ்ரத்தும் கேட்கிற சாதாரணக் கேள்விதான்.

“மையத்து ஆணா, பெண்ணா?”

இருநூறு பேர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்கிற சத்தம் துணிக்குள் எனக்குக் கேட்டது.

“ஆர்ர மையத்து? வாரிசுக்காரர் ஆரு?”

“இந்தப் பொடியன்தான் ஹஸ்ரத் அழுது அழுது வந்தவன்” என்று யாரோ கிருபாவை முன்னால் தள்ளினார்கள்.

“தம்பி, மௌத்தானவர் உங்களுக்கு என்ன வேணும்?”

கிருபா விம்மினான். “டைரக்டர்.”

“என்ன?”

“எங்கட டைரக்டர், ஐயா.”

“எந்தப் பகுதிக்கு டைரக்டர்? கல்வியா, சுகாதாரமா?”

“யா அல்லாஹ், பெரிய அதிகாரியாம்” என்று பின்வரிசை கலங்கியது. கடலில் ஒதுங்கிய மையத்து, ஒரே நிமிடத்தில் அரசாங்க உத்தியோகத்தராகப் பதவி உயர்வு பெற்றது.

“இது சரியா வராது. முகத்தப் பாத்துட்டுத்தான் தொழணும், விளங்குதா?” ஹாஜியாரின் குரல். துணியின் ஓரம் பிடிபட்டது.

கண்ணை இறுக மூடினேன். செத்தவனாகவே கிடந்தால்? அப்போது மூக்குக்குள் போன எறும்பு தன் கடமையைச் செய்தது. கண் தானாகத் திறந்தது. மேலே வானம், வானத்துக்குக் கீழே ஹாஜியாரின் தாடி. மூத்தவர்களைக் கண்டால் முதலில் என்ன சொல்ல வேண்டும் என்று உம்மா பழக்கி வைத்திருந்தாவோ, அது வாயில் வந்தது.

“அஸ்ஸலாமு அலைக்கும்.”

சலாத்துக்குப் பதில் சொல்வது கடமை. எங்கள் ஆட்கள் தூக்கத்திலும் சொல்வார்கள்.

“வஅலைக்குமுஸ்ஸலாம்!” என்றது முழு முற்றமும், ஒரே குரலில்.

அதன் பிறகுதான் யாருக்குப் பதில் சொன்னோம் என்பது அவர்களுக்கு உறைத்தது.

நடந்ததை நான் முழுமையாகப் பார்க்கவில்லை. மதிலேறிக் குதித்த சத்தம் கேட்டது. செருப்புகள் மட்டும் மிஞ்சின. ஹாஜியார் ஓடவில்லை. துணியைப் பிடித்தபடி, என் நெஞ்சிலிருந்த சிவப்பையும் அதில் ஊர்ந்த எறும்புகளையும் பார்த்தார்.

“நீ… றிபாஸ்தானே?”

“ஓம் மாமா.”

“மாமாவா?”

அந்தச் சொல்லை அந்த நேரத்தில் சொல்லியிருக்கக் கூடாது. ஹஸ்ரத்தான் நடுவில் வந்தார். என்னை மேலும் கீழும் பார்த்தார். “அஸர் தொழுதீங்களா தம்பி?”

“இல்ல ஹஸ்ரத்.”

“மௌத்தானதால கடமை இல்ல எண்டு நினைச்சீங்களாக்கும். போய்க் கை கால் கழுவி வுளு எடுத்துட்டு வந்து அதத் தொழுங்க. உங்கட மத்தத் தொழுகைய அல்லாஹ் நாடின நேரத்துல நாங்க பாத்துக்கிறம்.” சிரிக்காமல் சொன்னார். பிறகு மையத்தை விளையாட்டுக்கு எடுத்ததற்காக அவர் எனக்குச் சொன்னதை நான் இங்கே எழுதப் போவதில்லை. அவ்வளவும் எனக்குத் தகும்.

அந்த நேரம் பார்த்து, சைக்கிளில் மூச்சிரைக்க வந்து சேர்ந்தான் அஸ்மி. மாடியிலிருந்து இறங்கி, பின்னாலேயே மிதித்து, சலாம் வரைக்கும் முழுவதையும் எடுத்திருக்கிறான். கட் சொல்லவில்லையாம்! “டைரக்டர், என்ன கூட்டம் டா இது! எங்க பிடிச்சா? இன்னொருக்கா எடுப்பமா?” என்றான். ஹாஜியார் தன் செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு நடந்தார். நடந்துகொண்டே சட்டைப் பையிலிருந்து போனை எடுத்தார்.

அன்றிரவு நான் சாப்பிடவில்லை. மறுநாளும் தரகர் வரவில்லை. என் போன் அடிக்கும் ஒவ்வொரு தடவையும், கலியாணம் இல்லை என்று தெரிந்துகொண்டே, அதைக் காதால் கேட்கப் பயந்து உம்மாவிடம் கொடுத்தேன். இதற்கிடையில் அஸ்மி என்னைக் கேட்காமல் வீடியோவிலிருந்து ஒரு துண்டை வெட்டி முகநூலில் போட்டுவிட்டான். தலைப்பக்கம் தோள் கொடுத்து முன்னால் வருகிறார் ஹாஜியார், அவருக்குப் பின்னால் ‘வீட்டுக்குப் போ!’ என்ற எங்கள் பலகை. பார்ப்பவர்களுக்கு, கிழக்கின் புரட்சியை அவர்தான் தலைமை தாங்கிக் கூட்டி வருகிறார்.

அந்தக் கிழமை முடியுமுன், எங்கள் வாசலில் ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. ஹாஜியார். நான் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். சாவி ஓட்டையால் காதைக் கொடுத்தேன்.

“உங்கட மகன் என்னப் புரட்சிக்காரனாக்கிட்டான்” என்று என் வாப்பாவிடம் தொடங்கினார். “நேத்து செட்டடிக்குப் போறன், பொடியனுகள் எல்லாம் எழும்பி நிக்கிறானுகள். ‘போராட்டத்துக்குத் தோள் குடுத்த ஹாஜியார், நீங்க முன்னுக்குப் போங்க’ எண்டு வரிசைய விலத்தி விடுறானுகள். விளங்குதா?”

“பெற்றோல் கிடைச்சிச்சா?” என்றார் வாப்பா, நடைமுறைவாதி.

“புல் டேங்க்.” குரலில் ஒரு சின்ன மினுக்கம் இருந்தது. பிறகு தொண்டையைச் செருமினார். “ஆனா அந்த வீடியோவ அழிச்சிடணும். நாளைக்கு ஆரும் விசாரிக்க வந்தா? அடுத்த பெற்றோல் பவுசர் வந்து போனதும் அழிச்சாச் சரி.”

வாப்பா தயங்கித் தயங்கிக் கேட்டார். “அப்ப… கலியாணக் கதை?”

என் இதயம் சாவி ஓட்டைக்கு வந்துவிட்டது.

“வேணாம் எண்டு சொல்லத்தான் கோல் எடுத்தன். அப்ப லைன் போகல, ராவு வீட்டுல திரும்ப எடுக்கக்குள்ள மகள் போனப் பறிச்சிட்டா. அந்த முழு வீடியோவும் அவளுக்கு எப்படியோ போயிரிக்கி. ‘மௌத்தாகியும் சலாம் சொல்ற ஒருத்தன ஒழுக்கமில்லாதவன் எண்டு எப்படி வாப்பா சொல்லலாம்?’ எண்டு கேக்கிறா. நான் என்னத்தச் சொல்ல?”

கலியாணம் நடந்தது. ஆனால் மாப்பிள்ளை கொடுக்க வேண்டிய மஹராகப் பர்ஸானா என்ன கேட்டாள் என்பதில்தான் விஷயம் இருந்தது. நகை கேட்கவில்லை. ‘எரிபொருள்’ படம் இருக்கிற மெமரி காட்டைக் கேட்டாள், பிரதி எதுவும் வைத்திருக்கக் கூடாது என்ற நிபந்தனையோடு. நிகாஹ் பதிவாளர் பேனையை நிறுத்தி, என்னை நிமிர்ந்து பார்த்தார்.

“மெமரி காட்டா? எத்தின ஜீபீ எண்டும் எழுதணும்.”

அஸ்மி தன் போனிலிருந்து எடுத்துக் கொடுத்தான். அத்தோடு என் திரையுலக வாழ்வு முடிந்தது. மஹர் என்பது மனைவியின் தனிச்சொத்து. வாப்பாவானாலும் மாப்பிள்ளையானாலும் திருப்பிக் கேட்க முடியாது. அழித்துவிடச் சொல்லி ஹாஜியார் எத்தனையோ முறை கேட்டுப் பார்த்தார். வெளியிடுவதற்குத் தரச் சொல்லி நானும் கேட்டுப் பார்த்தேன். இருவருக்கும் ஒரே பதில்: “அது எண்ட மஹர்.” ஆட்சியில் இருந்தவர் வீட்டுக்குப் போனார், வரிசைகள் கலைந்தன, பெற்றோலும் வந்தது. ‘எரிபொருள்’ மட்டும் அவளுடைய அலுமாரியிலேயே இருக்கிறது.

பெருநாளைக்குப் பெருநாள், சாப்பாட்டுக்குப் பிறகு அது டீவியில் ஓடும். குடும்பம் முழுவதும் உட்கார்ந்திருக்கும். நான் பெட்டிக்குள்ளிருந்து சலாம் சொல்லும் இடம் வந்ததும், வீடு அதிர எல்லோரும் பதில் சொல்வார்கள், குழந்தைகள் உட்பட. கிருபா வந்திருந்தால் அவனும் சொல்வான். ஹாஜியாருக்கென்று முன்னால் ஒரு கதிரை. தான் வரும் காட்சிகளில் யாரையும் கதைக்க விடமாட்டார்.

போன பெருநாளில், இப்போதுதான் ஒழுங்காகக் கதைக்கத் தொடங்கியிருக்கும் என் மகள் திரைக்குப் பக்கத்தில் போய் நின்று, விரலை வைத்துக் காட்டினாள். தலைப்பக்கம் தோள் கொடுத்தபடி, மற்றக் கையால் சால்வையின் நுனியைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு வந்தார் ஹாஜியார். அதுவரை எங்களில் யாரும் அதைக் கவனித்திருக்கவில்லை.

“மூத்தாப்பா, நீங்க ஏன் அழுறீங்க?”

ஹாஜியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துத் திரும்பவும் போட்டார்.

“ஆரோ ஒரு தாய்க்குப் புள்ள கடலோட போயிட்டானே எண்டு நினைச்சி அழுதன், மகள்.” பிறகு என்னைக் கடைக்கண்ணால் பார்த்துக்கொண்டே அவளிடம் சொன்னார். “உங்கட வாப்பா எண்டு தெரிஞ்சிருந்தா அழுதிருக்க மாட்டன்.”